வீட்டில் வண்ண ஃபிலிம் கழுவ ஒரு தூள் தொகுப்பும் ஒரு சூடேற்றியும்: ஓராண்டு அனுபவம்

சினிஸ்டில் நிறுவனத்தின் சிஎஸ்41 தூள் தொகுப்பைக் கொண்டு, சென்ற ஓராண்டில் முப்பதுக்கும் மேற்பட்ட வண்ண நெகட்டிவ் சுருள்களை என் சென்னை வீட்டின் குளியலறையிலேயே கழுவியிருக்கிறேன். இரண்டு தொகுப்புகள் தீர்ந்து, மூன்றாவது இப்போது புட்டிகளில் இருக்கிறது. வாங்கலாமா என்று கேட்பவர்களுக்கு என் பதில், வாங்கலாம் என்பதே. ஆனால் தொகுப்புக்குப் பணம் கட்டுவதற்கு முன்பே, ஒரு வாளித் தண்ணீரை ஒரே சூட்டில் பிடித்துவைக்க ஒரு வழியைத் தேடிக்கொள்ளுங்கள். நிறம் நன்றாக வருவதும் கெடுவதும் பெரும்பாலும் அந்தச் சூட்டைப் பொறுத்தது என்பதை நான் இரண்டு சுருள்களைப் பாழாக்கிய பிறகே முழுமையாக உணர்ந்தேன்.

ஃபிலிம் கழுவக் கொடுப்பது ஒரு காலத்தில் மளிகைக் கடைக்குப் போய்வருவது போன்ற எளிய வேலையாக இருந்தது. காலையில் ஸ்டுடியோவில் கொடுத்தால் மாலையில் நெகட்டிவும் பிரிண்டும் ஒரே உறையில் வந்துவிடும். அந்த மினிலேப் இயந்திரங்கள் நாள் முழுவதும் ஓடுவதை மனத்தில் வைத்து வடிவமைக்கப்பட்டவை. சுருள்கள் உள்ளே போகப் போக, செலவான ரசாயனத்துக்கு ஈடாகப் புதியது சிறிது சிறிதாகச் சேர்ந்துகொண்டே இருக்கும். வாரத்துக்கு நான்கைந்து சுருள்கள் மட்டுமே வரும்போது, தொட்டியில் தேங்கி நிற்கும் டெவலப்பர், அதாவது படத்தை வெளிக்கொணரும் ரசாயனம், வேலை செய்யாமலேயே காற்றுப்பட்டுக் கெடுகிறது. நான் வழக்கமாகக் கொடுத்துவந்த ஒரு லேபிலிருந்து அடுத்தடுத்து மூன்று சுருள்கள் நீளவாக்கில் கீறல் விழுந்தும், நிழல்களில் பச்சை படிந்தும் திரும்பி வந்தன. அவற்றில் ஒன்றில் என் பாட்டியின் கடைசிப் படங்கள் இருந்தன. இனி என் ஃபிலிமை நானே கழுவுவது என்று அன்றே முடிவு செய்தேன்.

வண்ண நெகட்டிவைக் கழுவும் முறைக்கு சி-41 என்று பெயர். கோடாக் நிறுவனம் 1972-இல் கோடாகலர் II ஃபிலிமோடு இதைக் கொண்டுவந்தது. அதற்கு முன்பிருந்த சி-22 முறை 24 டிகிரி செல்சியஸில் நிதானமாக நடந்தது. சி-41 அந்தச் சூட்டை 37.8 டிகிரிக்கு உயர்த்தி, டெவலப்பரில் ஃபிலிம் இருக்க வேண்டிய நேரத்தை 3 நிமிடம் 15 விநாடியாக வரையறுத்தது. ஃபிலிமில் மூன்று வகை ஒளியுணர் அடுக்குகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இருக்கின்றன: மேலே நீல ஒளிக்கானது, நடுவில் பச்சைக்கானது, அடியில் சிவப்புக்கானது. ஒளிபட்ட வெள்ளி உப்பை டெவலப்பர் வெள்ளியாக மாற்றும்போது, அந்த டெவலப்பர் மூலக்கூறு தானும் ஆக்சிஜனேற்றம் அடைந்து, அடுக்கிலேயே காத்திருக்கும் கப்ளர் என்ற பொருளோடு இணைந்து சாயமாகிறது. மேலடுக்கில் மஞ்சளும், நடுவில் மெஜந்தாவும், அடியில் சயானும் இப்படித்தான் பிறக்கின்றன. பிறகு பிளீச் அந்த வெள்ளியை மீண்டும் உப்பாக்க, ஃபிக்சர் அதைக் கரைத்து வெளியேற்றிவிடுகிறது. கறுப்பு வெள்ளை நெகட்டிவில் நாம் பார்ப்பது வெள்ளியை. வண்ண நெகட்டிவில் வெள்ளி முழுவதும் போன பின் எஞ்சியிருக்கும் சாயத்தை.

இந்த வேலைகளில் டெவலப்பருக்கு மட்டும் ஏன் அவ்வளவு துல்லியமான சூடு வேண்டும்? சோறு வடிப்பதை நினைத்துக்கொண்டால் எளிதில் விளங்கும். டெவலப்பரின் வேலை, பதம் பார்த்து நடுவில் நிறுத்தப்படும் வேலை. சூடு கூடினால் அதே நேரத்தில் குழைந்துவிடும், குறைந்தால் நடு அரிசி வேகாது. பிளீச்சும் ஃபிக்சரும் அப்படியல்ல, அவை இருக்கும் வெள்ளியெல்லாம் தீரும்வரை வேலை செய்து தாமாகவே ஓய்ந்துவிடுபவை. ஆகவேதான் கோடாக்கின் வரையறையில் டெவலப்பருக்கு அனுமதிக்கப்பட்ட ஏற்ற இறக்கம் 0.15 டிகிரி மட்டுமே. பிளீச்சுக்கு 24 முதல் 40 டிகிரி வரை தாராளமாக இடம் இருக்கிறது. சூடு பிசகினால் படம் வெளிறுவதோ கறுப்பதோ மட்டும் நேர்வதில்லை. டெவலப்பர் மேலிருந்து ஊறி இறங்குவதால், அடியிலுள்ள சிவப்பு அடுக்கும் மேலுள்ள நீல அடுக்கும் ஒரே வேகத்தில் வளராமல் போகின்றன. அதன் விளைவாக நிழல் ஒரு நிறத்திலும் வெளிச்சம் வேறொரு நிறத்திலும் சாய்கின்றன. ஸ்கேன் செய்தபின் நிழலைத் திருத்தினால் வெளிச்சம் கெடும். வெளிச்சத்தைத் திருத்தினால் நிழல் கெடும். என் முதல் இரண்டு சுருள்கள் இப்படித்தான் போயின, தவறு முழுக்க என்னுடையது: பிளாஸ்டிக் வாளியில் வெந்நீர் ஊற்றி, கையால் தொட்டுப் பார்த்து, போதும் என்று எண்ணிவிட்டேன்.

இங்கே நம் ஊரின் வெயிலைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். வண்ண ஃபிலிம் என்றால் கடினம், கறுப்பு வெள்ளை என்றால் எளிது என்று பெரும்பாலான வழிகாட்டிகள் எழுதியிருப்பது குளிர்நாட்டு வீடுகளுக்குப் பொருந்தும். கறுப்பு வெள்ளை டெவலப்பர்களுக்கான வழக்கமான சூடு 20 டிகிரி. சென்னையில் மே மாதம் மாடித் தொட்டியிலிருந்து வரும் தண்ணீர் அதைவிட மிகச் சூடாக இருப்பதால், ஐஸ் கட்டிகளைக் கொட்டி அதை இறக்குவதற்குள் போதும் போதும் என்றாகிவிடும். வண்ணத்துக்கு இந்தத் தொகுப்பு கேட்கும் 38.9 டிகிரியோ நம் அறையின் சூட்டுக்கு அருகிலேயே இருக்கிறது. லண்டனில் ஒருவர் ஃபிலிம் இருக்கும் தொட்டியை வெந்நீரிலிருந்து வெளியே எடுத்துக் குலுக்கினால் சூடு வேகமாக இறங்கும். இங்கே அதே நேரத்தில் மிகச் சிறிதே இறங்குகிறது. பழைய சி-22 முறை இன்றும் இருந்திருந்தால் அதன் 24 டிகிரியைப் பிடிக்க நாம்தான் திண்டாடியிருப்போம்.

சூடு பிடிக்க நான் மூன்று வழிகளைப் பார்த்துவிட்டேன். முதலாவது, தெர்மாகோல் பெட்டியில் வெந்நீர் நிரப்பி, அதில் ரசாயனப் புட்டிகளையும் தொட்டியையும் கழுத்தளவு முங்கவைப்பது. 15 லிட்டருக்குக் குறையாத தண்ணீர் இருந்து, பெட்டிக்கு மூடியும் இருந்தால், இது எதிர்பார்த்ததைவிட நன்றாகவே வேலை செய்கிறது. கால் மணி நேரம் பொறுமையாக வெந்நீரும் தண்ணீரும் மாற்றி மாற்றி ஊற்றிச் சரிசெய்ய வேண்டியிருப்பதுதான் குறை. இரண்டாவது, சூ வீட் எனப்படும் சமையல் சூடேற்றி. பாத்திரத்தின் ஓரத்தில் மாட்டிவிட்டால், தண்ணீரை உள்ளிழுத்துச் சூடாக்கிச் சுழலவிட்டு, குறித்த டிகிரியில் மணிக்கணக்கில் நிறுத்திவைக்கும். ஃபிலிம் வேலைக்கென்றே சினிஸ்டில் டிசிஎஸ்-1000 என்ற பெயரில் இத்தகைய கருவி ஒன்றை விற்கிறது. நான் பயன்படுத்துவது சமையல் பொருள்களோடு விற்கப்படும் பெயர் தெரியாத ஒரு சாதாரணக் கருவி, வேலை ஒன்றுதான். வெளிநாட்டிலிருந்து வரவழைப்பவர்கள் அது நம் 230 வோல்ட்டுக்கு உரியதா என்று கட்டாயம் பார்க்க வேண்டும். மூன்றாவது, ஜோபோ நிறுவனத்தின் சுழல் இயந்திரம். நண்பர் ஒருவரிடம் இருப்பதைப் பார்த்தேன். வெந்நீர்த் தொட்டி, தானாகச் சுழலும் உருளை, குறைந்த ரசாயனம், ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரியான விளைவு என எல்லா வகையிலும் அது மேலானது; விலையைக் கேட்டபின் நான் சூ வீட் கருவியோடு நிறைவடைந்தேன்.

நம் வீடுகளில் குளிக்கும் தண்ணீரைச் சூடாக்கும் ஹீட்டர் ராடை இதற்குப் பயன்படுத்த வேண்டாம். அது குறித்த சூட்டில் நிற்காது; மின்சாரம் ஓடும்போது தண்ணீரில் கை வைப்பது உயிருக்கே ஆபத்து. ஃபிலிம் கழுவும்போது கை தண்ணீருக்குள் போய்க்கொண்டே இருக்கும்.

எந்தச் சூடேற்றியானாலும் அதன் திரையில் தெரியும் எண்ணை அப்படியே நம்பாதீர்கள். அது வெளியே இருக்கும் வெந்நீரின் சூடு. புட்டிக்குள் இருக்கும் டெவலப்பர் அந்தச் சூட்டை எட்ட அரை மணி நேரத்துக்கு மேலாகலாம். டெவலப்பருக்குள்ளேயே வெப்பமானியை விட்டுப் பார்க்க வேண்டும். அந்த வெப்பமானி சரியா என்று பார்க்க ஒரு சுலபமான வழி இருக்கிறது: காய்ச்சல் பார்க்கும் டிஜிட்டல் வெப்பமானி, நமக்கு வேண்டிய 37 முதல் 39 டிகிரிப் பகுதியில்தான் மிகத் துல்லியமானது. இரண்டையும் ஒரே வெந்நீர்க் குவளையில் வைத்து ஒப்பிட்டபோது, என் கண்ணாடி வெப்பமானி 0.6 டிகிரி குறைத்துக் காட்டுவது தெரிந்தது. வித்தியாசத்தை ஒரு துண்டுத் தாளில் எழுதி அதன் மேலேயே ஒட்டிவைத்திருக்கிறேன்.

இனி தொகுப்பைப் பற்றி. ஏறக்குறைய ஒரு லிட்டர் அளவுக்கு டெவலப்பர், பிளீச்சும் ஃபிக்சரும் ஒன்றாகச் சேர்ந்த பிளிக்ஸ், கடைசியில் காட்டும் ஸ்டெபிலைசர் ஆகிய மூன்று கரைசல்களைக் கலப்பதற்கான தூள் பொட்டலங்கள் உள்ளே இருக்கின்றன. இதே நிறுவனம் திரவ வடிவத்திலும் தொகுப்பு விற்கிறது. அஞ்சலில் சிந்தும் அச்சம் இல்லாததாலும், திறக்கும்வரை நீண்ட நாள் கெடாமல் இருப்பதாலும் நம் நாட்டுக்குத் தூளே பொருத்தம். கலக்கும்போது பொட்டலங்களைக் குறித்த வரிசையிலேயே போட வேண்டும். ஒன்று முழுவதும் கரைந்த பிறகே அடுத்ததைப் போட வேண்டும். பிளிக்ஸ் கலக்கும்போது மூக்கைத் துளைக்கும் நெடி வரும் என்பதால் சன்னலைத் திறந்துவைத்து, முகக்கவசத்தோடு கலப்பது நல்லது. சி-41 டெவலப்பரில் உள்ள சிடி-4 என்ற மூலப்பொருள் தோலில் ஒவ்வாமையை உண்டாக்கக்கூடியது. ஒருமுறை உண்டானால் பிறகு சிறிது பட்டாலும் அரிக்கும். ஆகையால் முதல் நாளிலிருந்தே கையுறை அணியுங்கள்.

வேலை நடக்கும் விதம் எளிது. இருட்டுப் பைக்குள் ஃபிலிமை ரீலில் ஏற்றித் தொட்டியை மூடியபின் எல்லாமே வெளிச்சத்தில் நடக்கும். (சென்னை வியர்வையில் இருட்டுப் பைக்குள் கை ஈரமானால் ஃபிலிம் பிளாஸ்டிக் ரீலில் பாதியில் ஒட்டிக்கொள்ளும், மின்விசிறியின் கீழ் உட்கார்ந்து, விரைவாக முடித்துவிடுங்கள்.) தொட்டியை ஒரு நிமிடம் 39 டிகிரித் தண்ணீரால் நிரப்பிச் சூடாக்கிய பின், டெவலப்பர் 38.9 டிகிரியில் மூன்றரை நிமிடம். முதல் பத்து விநாடி தொடர்ந்தும், பிறகு அரை நிமிடத்துக்கு ஒருமுறை நான்கு தடவையும் தொட்டியைக் கவிழ்த்து நிமிர்த்த வேண்டும். கோடாக்கின் 37.8-ஐவிட இது ஏறத்தாழ ஒரு டிகிரி கூடுதல். கையால் குலுக்கும் தொட்டியில் சூடு சற்று இறங்கும் என்பதைக் கணக்கில் எடுத்துக்கொண்டது என்றே நான் கருதுகிறேன். டெவலப்பரைத் திரும்பப் புட்டியில் ஊற்றியபின் பிளிக்ஸ் எட்டு நிமிடம், தண்ணீரில் அலசல் மூன்று நிமிடம், ஸ்டெபிலைசர் ஒரு நிமிடம், அவ்வளவுதான். பிளிக்ஸ் ஊற்றியதும் தொட்டிக்குள் வாயு சேர்ந்து மூடி எகிறப் பார்க்கும். இரண்டு மூன்று முறை மூடியைச் சற்றே தூக்கிக் காற்றை விட வேண்டும். பிளிக்ஸ் சில துளிகள் டெவலப்பரில் கலந்தாலும் டெவலப்பர் முழுவதும் வீணாகும் என்பதால், என்னிடம் புட்டிக்கு ஒரு புனல், புனலுக்கு ஒரு நிறம்.

விளைவை மதிப்பிட நான் ஒவ்வொரு சுருளின் முதல் படத்தையும் ஒரே இடத்தில் எடுத்துவந்தேன்: காலை பத்து மணி வெயிலில் எங்கள் மாடியின் சுண்ணாம்புச் சுவர், அதன்முன் துளசி மாடம், பக்கத்தில் என் தங்கை. வெள்ளையும் பச்சையும் நம் தோலின் பழுப்பும் ஒரே சட்டத்தில் வந்துவிடுவதால் எந்தச் சாய்வும் தப்பாது. பெரும்பாலும் கோடாக் கோல்ட் 200 ஃபிலிமே பயன்படுத்தினேன். சூட்டைச் சரியாகப் பிடித்த நாள் முதல், எட்டாவது சுருள்வரை சுவரின் வெள்ளை நிழலிலும் வெயிலிலும் ஒரே வெள்ளையாக இருந்தது. தங்கையின் முகத்தில் நிழல் விழுந்த பக்கம் பச்சையாகவோ நீலமாகவோ சாயவில்லை. நல்ல நாளில் லேப் கொடுத்த நெகட்டிவோடு பக்கத்தில் வைத்துப் பார்த்தால் எது எதுவென்று எனக்கே சொல்லத் தெரியவில்லை. கீறலோ ஒன்றுகூட இல்லை.

ஒரே டெவலப்பரில் அடுத்தடுத்துக் கழுவும்போது, முன்பு கழுவிய ஒவ்வொரு சுருளுக்கும் 2 விழுக்காடு நேரம் கூட்ட வேண்டும் என்பது இந்தத் தொகுப்பின் வழிமுறை. அதாவது 210 விநாடிக்கு ஒவ்வொரு சுருளுக்கும் நான்கு விநாடிக்குச் சற்று மேல். பதினோராவது சுருளுக்கு 4 நிமிடம் 12 விநாடி. பன்னிரண்டாவது சுருள்வரை இந்தக் கணக்கு எனக்குப் பிசகவில்லை. அதன்பின் ஃபிலிமின் ஆரஞ்சு அடிநிறம் கொஞ்சம் கொஞ்சமாக அடர்ந்தது. 16 சுருள்களோடு நான் நிறுத்திக்கொள்கிறேன். டெவலப்பர் கெடுவதற்குச் சுருள்களின் எண்ணிக்கையைவிட காற்றும் வெப்பமும்தான் பெரிய காரணம். சென்னையின் கோடையில் கலக்கிய கரைசலை இரண்டு மாதத்துக்குமேல் வைத்திருக்க நான் துணிவதில்லை. பழுப்புக் கண்ணாடிப் புட்டியில் கழுத்துவரை நிரப்பி, வீட்டின் குளிர்ந்த மூலையில் வைக்கிறேன். சாப்பாட்டுப் பொருள் இருக்கும் ஃபிரிட்ஜில் வைக்கவே கூடாது. பத்துப் பன்னிரண்டு சுருள்கள் சேர்ந்தபின் கலக்கி, இரண்டு மூன்று வார இறுதிகளில் கழுவி முடிப்பதுதான் இந்தத் தொகுப்பை முழுமையாகப் பயன்படுத்தும் வழி. மாதம் ஒரு சுருள் எடுப்பவர்களுக்கு இதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

இத்தொகுப்பின் வடிவமைப்பில் எனக்கு உடன்பாடில்லாத ஒன்று பிளிக்ஸ். பிளீச்சையும் ஃபிக்சரையும் ஒரே கரைசலாக்கியதால் ஒரு புட்டியும் சில நிமிடங்களும் மிச்சமாகின்றன என்பது உண்மை. ஆனால் ஒன்று ஆக்சிஜனேற்றும் பொருள், மற்றொன்று அதற்கு எதிரான குணம் கொண்டது. ஒரே புட்டியில் இருக்கும்போது இரண்டும் ஒன்றையொன்று மெல்லத் தின்கின்றன. பிளிக்ஸ் தளர்ந்தால் வெள்ளி முழுவதும் நீங்காமல் ஃபிலிமில் தங்கிவிடும். நிறங்கள் மங்கி, கறுப்பு கலந்தாற்போல் இருக்கும், துகளும் தடித்துத் தெரியும். நல்லவேளையாக இது திருத்தக்கூடிய பிழை: காய்ந்த நெகட்டிவைக்கூட மறுபடி புதிய பிளிக்ஸில் போட்டு மீட்கலாம். நான் பத்தாவது சுருளுக்குப்பின் எட்டு நிமிடத்தைப் பன்னிரண்டாக்கிவிடுகிறேன். பிளிக்ஸில் கூடுதல் நேரம் இருப்பதால் கெடுதல் இல்லை. இத்தாலியின் பெல்லினி நிறுவனத்தின் சி-41 தொகுப்பு பிளீச்சையும் ஃபிக்சரையும் தனித்தனியாகவே தருகிறது. ஒரு படி கூடுதலானாலும் ரசாயன முறையில் அதுவே சரியானது.

வேறு சில தொகுப்புகள் 30 டிகிரியில் எட்டு நிமிடம் என்ற மாற்று வழியையும் சொல்கின்றன. சூடேற்றியே வேண்டாம், மார்கழியில் அறைச்சூட்டிலேயே முடித்துவிடலாமே என்று ஆசை காட்டும் வழி அது. ஒரு சுருளை அப்படிக் கழுவிப் பார்த்தேன். படம் வந்தது, தனியாகப் பார்த்தால் குறை தெரியாது. துளசி மாடத்துப் படத்தை மற்றவற்றோடு வரிசையில் வைத்தபோது, தங்கையின் முகத்து நிழல் மட்டும் நீலம் பூத்திருந்தது. திருப்பி எடுக்க முடியாத படங்களை இந்த வழியில் கழுவ மாட்டேன்.

எந்த ஃபிலிமைப் போடலாம் என்பதிலும் கவனம் வேண்டும். உறையில் சி-41 என்று அச்சிட்டிருப்பது எல்லாம் போகும். இல்ஃபோர்ட் எக்ஸ்பி2 சூப்பர்கூட, கறுப்பு வெள்ளையாக இருந்தும், இதே முறையில் கழுவ வேண்டியதுதான். முதுகில் ரெம்ஜெட் என்ற கரிப் பூச்சோடு வரும் சினிமா ஃபிலிமை மட்டும் அப்படியே போட்டுவிடாதீர்கள்; அந்தக் கரி கரைசல் முழுவதையும் பாழாக்கிவிடும். அதற்கு இசிஎன்-2 என்ற வேறு முறையும் வேறு டெவலப்பரும் உண்டு.

ஸ்டெபிலைசரைச் சிலர் வெறும் கடைசி அலசல் என்று எண்ணித் தவிர்த்துவிடுகிறார்கள். கடற்கரை ஊரில் வாழ்பவர்கள் அதைச் செய்யக் கூடாது. தண்ணீர்த் தடம் விழாமல் காப்பதோடு, பூஞ்சை பிடிக்காமல் தடுக்கும் வேலையும் இந்தக் கடைசிக் கரைசலுடையது. ஃபிலிமின் ஜெலட்டின், நம் ஈரக்காற்றில் பூஞ்சைக்கு நல்ல தீனி. ஆகவே ஸ்டெபிலைசருக்குப்பின் மறுபடி தண்ணீர் காட்டாமல் அப்படியே உலரவிட வேண்டும். குழாயை ஐந்து நிமிடம் திறந்துவிட்டுக் காற்றிலுள்ள தூசி அடங்கியபின், கதவை மூடிய குளியலறையில் தொங்கவிடுகிறேன். மழைக்காலத்தில் காய நான்கு மணி நேரம்கூட ஆகிறது.

செலவைப் பொறுத்தவரை, இறக்குமதி வரியும் டாலர் மதிப்பும் மாறிக்கொண்டே இருப்பதால் விலையைச் சொல்லிப் பயனில்லை. நான் லேபுக்குக் கொடுத்துவந்த கட்டணத்தோடு ஒப்பிட்டால், ஏழாவது சுருளில் தொகுப்பின் விலை திரும்பிவிட்டது. சூடேற்றி, தொட்டி, புட்டிகள் ஆகியவற்றின் விலை இரண்டாவது தொகுப்பு முடிவதற்குள் திரும்பியது. தீர்ந்த பிளிக்ஸைச் சாக்கடையிலோ செடிக்கோ ஊற்றாதீர்கள். அதில் கரைந்திருக்கும் வெள்ளி நீர்வாழ் உயிர்களுக்கு நஞ்சு. எக்ஸ்ரே நிலையங்களின் பழைய ஃபிக்சரை வாங்கி வெள்ளி பிரித்தெடுப்பவர்கள் உண்டு. நான் கேனில் சேர்த்துவைத்து அப்படி ஒருவரிடம் கொடுத்துவருகிறேன்.

மூன்றாவது தொகுப்பில் இன்னும் ஐந்து சுருள்களுக்கு இடம் இருக்கிறது. அது முடிந்ததும் பிளீச், ஃபிக்சர் தனித்தனியாக உள்ள தொகுப்பு ஒன்றை வரவழைக்கப் பணம் ஒதுக்கியிருக்கிறேன். அதில் கழுவுவதற்கென்று, அதே சுவரையும் மாடத்தையும் தங்கையையும் முதல் படமாக எடுத்த கோல்ட் 200 சுருள் ஒன்று டப்பாவில் காத்திருக்கிறது.